ஏலக்காய் ஸ்டோரில் வைத்த படச்சுருள்

அவரிடம் படத்தின் பெயரைக் கேட்டால் குதிரையின் நிறத்தைச் சொல்வார். எந்த வருஷம் என்று கேட்டால், "அந்தச் செவலைக்கு முன்னங்கால் வீங்கிக் கெடந்துச்சே, அந்த வருசம்" என்பார். கூட நடித்தவர்கள் யார் யார் என்றால் ஒரு சிரிப்பு. சிரிப்பை நோட்டில் எப்படி எழுதுவது? ஐம்பதுகளின் நடுவில், மூன்று ஏலக்காய்ப் பருவம் அவர் பின்னால் அலைந்து நான் நிரப்பிய நோட்டில் முக்கால்வாசி குதிரைகள்தான். ஊமைப்படக் காலத்து நடிகர் ஒருவரின் வாழ்க்கையை எழுத உட்கார்ந்தவனுக்கு ஒரு லாயத்தின் வரலாறு கிடைத்தது.

எனக்கு அப்போது இருபத்தைந்து வயதிருக்கும். போடியில் ஒரு ஏலக்காய் வியாபாரியின் கடையில் எழுத்து வேலை. முதலாளிக்குக் குரங்கணிக்கு மேலே ஒரு தோட்டம் இருந்தது. காய் எடுப்பு தொடங்கிவிட்டால் வாரத்தில் இரண்டு நாள் நான் மேலே போகவேண்டும். குரங்கணி வரை ஜீப்பு, அதற்கு மேல் கால். பறித்த காய் ஒழுங்காக உலர்கிறதா, பச்சை மாறாமல் மூட்டை ஏறுகிறதா என்று பார்த்துவர வேண்டும். அந்தத் தோட்டத்தில் அவர் கங்காணி. ஐம்பது வயதை ஒட்டிய, நெடுநெடுவென்ற மனிதர். இன்றைக்கு எனக்கு ஏறக்குறைய அந்த வயது.

மற்றக் கங்காணிகள் சரிவுக்குச் சரிவு கூவித் தொண்டையைப் புண்ணாக்கிக்கொள்வார்கள். இவர் ஒரு பாறையில் ஏறி நின்று கையை வீசுவார். பள்ளத்துக்கு அப்பால் இலைகளுக்குள் குனிந்திருக்கும் பெண்களுக்கு அது புரிந்துவிடும். மேல் வரிசைக்குப் போ. கூடையை இறக்கு. சாரல் வருகிறது, ஓடு. ஒரு நாள் அவர் தோளை மட்டும் கொஞ்சம் தொங்கவிட்டார், எதிர்ச்சரிவே சிரித்தது. முதலாளி வருகிறார் என்பதற்கு அது அடையாளமாம்.

அவர் நடிகர் என்பது எனக்குத் தெரியவந்தது அவருடைய மனைவியின் ஏச்சிலிருந்துதான். காய் எடுக்கிற கூட்டத்தில் அந்த அம்மாளும் உண்டு. அவரை நான் அண்ணே என்று கூப்பிட்டதால் அந்த அம்மாள் எனக்கு மதினி. மத்தியானக் கஞ்சிக்கு எல்லாரும் உட்கார்ந்திருந்தபோது அவர் மேலிருந்து இறங்கி வந்தார்.

"ராசா வர்றாருடி, எல்லாரும் எந்திரிச்சு நில்லுங்க," என்றாள் மதினி.

"ராசா இல்ல புள்ள. தளவாய்," என்றார் அவர்.

"ஆமா, தளவாயி. எந்தப் படத்துலன்னு கேளுங்கடி, தெரியாது. எந்த ஊருல ஓடுச்சுன்னு கேளுங்க, எல்லாம் நின்னுபோச்சு. ஒரு ஈ காக்கா பாத்துருக்கா? நான் வாக்கப்பட்டு வந்து இருவது வருசமாச்சு. இந்த மூஞ்சிய அடுப்பு வெளிச்சத்துலதான் பாத்துருக்கேன்."

பெண்கள் சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு குலுங்கினார்கள். அவர் கஞ்சிச் சட்டியை வாங்கிக்கொண்டு ஒரு மரத்தடியில் போய் உட்கார்ந்தார். நான் பின்னாலேயே போனேன். அன்றைக்குப் பிடித்ததுதான் எனக்கு இந்தக் கிறுக்கு.

போடிப் பக்கம் சிலமலையில் பிறந்தவர். ரோடு இல்லாத காலத்தில் மலையிலிருந்து மூட்டை இறக்கும் மட்டக்குதிரைகளை ஓட்டியவர் அவருடைய அப்பா. மகனும் அவற்றின் காலடியில் வளர்ந்தார். பதினேழு வயதில் அப்பாவோடு ஏதோ தகராறு. குதிரை வாங்க வந்த ஒரு தரகனோடு மதராசுக்குப் போய்விட்டார். அங்கே ஒரு படக் கம்பெனியின் லாயத்தில் வேலை. வெள்ளைத் துணியைக் கூரையாகக் கட்டி, அதன் வழியாக இறங்கும் வெயிலில் படம் எடுப்பார்களாம். மேகம் வந்தால் மகாராணியும் எதிரிப் படையும் ஒரே பாயில் உட்கார்ந்து வெற்றிலை போடுவார்கள்.

"குதிரையில இருந்து விழுகத் தெரிஞ்ச ஆளு வேணும்னாங்க அப்பு. எங்கப்பன் கிட்ட நான் கத்துக்கிட்டது அது ஒண்ணுதான்," என்றார்.

அப்படி விழுந்து விழுந்து நாலைந்து வருஷம். ஒரு படத்தில் இறந்தவன் அடுத்த படத்தில் வாளோடு எழுந்து வருவான். காலையில் வேஷம் போடச் சொல்வார்கள்; எந்தப் படத்துக்கு என்று சொல்லமாட்டார்கள். உதட்டில் சிவப்புப் பூசினால் படத்தில் கறுப்பாகத் தெரியும் என்பதால் முகத்துக்கெல்லாம் வெளிறிய மஞ்சள். மாலையில் அதைத் தேங்காயெண்ணெய் விட்டுத் தேய்த்துக் கழுவினால் உள்ளே சிலமலைக்காரன் இருப்பான். இதையெல்லாம் அவராகச் சொல்லவில்லை. ஒவ்வொன்றையும் நான் கிடுக்கி போட்டுப் பிடுங்கவேண்டியிருந்தது. நடுவில் சாரல் வந்துவிடும். அல்லது எவளுக்காவது அட்டை கடித்துவிடும். அல்லது அவருக்குச் சொல்ல அலுத்துவிடும், எழுந்து போய்விடுவார். பாதி வாக்கியத்தோடு நான் உட்கார்ந்திருப்பேன். எத்தனை பாதி வாக்கியங்கள்! அவற்றை ஒட்டவைத்து ஒரு மனிதனைச் செய்யலாம் என்று நம்பிய என் இளமையை நினைத்தால் இன்றைக்கும் எரிச்சல் வருகிறது.

ஆனால் ஒரு காட்சியைப் பற்றி மட்டும் அவர் நிறுத்தாமல் பேசினார்.

அந்தப் படத்தில் அவர் தளவாய், படைத்தலைவன். கதாநாயகன் வந்து எதிரே நின்று, உன் தம்பி போரில் செத்துவிட்டான் என்று சொல்கிறான். தளவாய் அசையக் கூடாது. கேமரா அவர் முகத்தருகே வந்து, ஒரு வெற்றிலையை மடித்து வாயில் போடும் நேரம் நின்றதாம். விழுவதற்கு மட்டுமே கூப்பிடப்பட்ட மனிதர் அந்த ஒரு முறை நிற்பதற்காகக் கூப்பிடப்பட்டார். தம்பியை நினைத்தீர்களா என்று கேட்டேன். தம்பியே கிடையாதாம். மலையில் கால் ஒடிந்து, பள்ளத்தில் விட்டுவிட்டு வந்த ஒரு மட்டக்குதிரையை நினைத்தாராம். மறுபடியும் குதிரை!

அந்தப் படம் மதுரைக்கு வந்தபோது டிக்கெட் வாங்கிக்கொண்டு கடைசி வரிசையில் உட்கார்ந்திருக்கிறார். அந்தக் காலத்தில் திரைக்குப் பக்கத்தில் ஒருவன் தகரக் குழலோடு நின்று கதையை உரக்கச் சொல்லுவான். தளவாயின் முகம் வந்தது. குழல்காரன் சொன்னானாம், "மகா ஜனங்களே, இந்தத் துரோகியைப் பாருங்கள்! எப்படித் திருட்டு முழி முழிக்கிறான் பாருங்கள்!" கொட்டகை முழுக்க ஊளை. திரையை நோக்கிக் கடலைத் தோல் பறந்தது.

"நான் அழுதேன் அப்பு. அவன் அதத் திருட்டு முழின்னுட்டான். என் வாயி அவன்கிட்டல்ல இருந்துச்சு," என்றார்.

பிறகு பேசும் படம் வந்தது. ஆர்மோனியக்காரர் ஒருவர் முன்னால் நிறுத்திப் பாடச் சொன்னார்கள். அவருக்குப் பாட்டு வரவில்லை. பாட வராதவனுக்கு அன்றைய படத்தில் தளவாய் வேஷம் என்ன, வாசல்காவல் வேஷம்கூடக் கிடையாது. கம்பெனி மூடும்போது பழைய சுருள்களை, அவற்றிலிருந்து வெள்ளியை உருக்கி எடுக்கிறவனுக்கு மூட்டை மூட்டையாகத் தள்ளினார்கள். அந்தக் குவியலிலிருந்து தன் முகம் இருந்த சுருளை மட்டும் தேடி எடுத்து, தகர டப்பாவோடு ஊருக்கு வந்துவிட்டார். கல்யாணம், தோட்டம், கங்காணி வேலை. டப்பா வீட்டு மூலையில், தண்ணீர்ப் பானைக்குப் பக்கத்தில், பழைய வேட்டி சுற்றி இருபது வருஷம் கிடந்தது.

அவருக்கு வேண்டியிருந்தது ஒன்றே ஒன்றுதான். அந்த முகத்தை மதினி ஒரு தடவை பார்க்கவேண்டும். பக்கத்தில் எவனும் குழல் வைத்துக்கொண்டு நிற்காமல், அவளாகப் பார்க்கவேண்டும். பார்த்துவிட்டு அவள் என்ன சொன்னாலும் சரி. ஒரு ஆடி மாதத்தில் இதை என்னிடம் சொல்லிவிட்டு, ஏதோ தப்புச் செய்தவர்போல் அட்டை பார்க்கக் காலைத் தூக்கிக்கொண்டார்.

நான் போடித் தியேட்டரில் மெஷின் ஓட்டுகிறவரிடம் போனேன். பழக்கமானவர்தான். வாய் சும்மா இருக்காது.

"ஊமைப்படமா? நம்ம மெஷின்ல விட்டா எல்லாரும் குடுகுடுன்னு ஓடுவாங்க மாப்ளே. பரவாயில்லையா?"

"மொகம் நிக்கிற காட்சிதாண்ணே. ஓட மாட்டாரு."

"சரி. பொங்கல் படம் போகட்டும். மாசியில ஒரு காலை நேரம் கொண்டா. ஆட்டம் தொடங்குறதுக்கு முன்னாடி போட்டுக் காட்டிருவோம்."

மாசிக்கு இன்னும் ஆறு மாதம் இருந்தது. அந்த ஆறு மாதத்தில்தான் நான் என் அறிவைக் காட்டினேன்.

அந்த ஆவணியில் சாரல் விடவில்லை. வீட்டுச் சுவரில் பாசி, செருப்பில் பூசணம், தீக்குச்சி உரசினால் மெழுகாக வழிந்தது. டப்பாவைத் திறந்து பார்த்தோம். சுருளின் ஓரத்தில் வெள்ளையாக ஏதோ பூத்திருந்தது. ஏலக்காய்க்காரனுக்கு ஈரத்தைத் தவிர வேறு எதிரி தெரியாது. ஈரம் பட்டால் காய் வெளுக்கும், பூசணம் பிடிக்கும், சந்தையில் தள்ளுபடி ஆகும். எனவே எனக்கு ஒரு வழிதான் தோன்றியது.

ஸ்டோர் என்று எங்கள் பக்கம் சொல்வது காய் உலர்த்தும் கட்டடத்தை. சன்னல் கிடையாது. வெளியே அடுப்பில் விறகு எரிய, அனல் தகரக் குழாய்கள் வழியாக அறைக்குள் ஓடும். அதற்கு மேல் கம்பி வலைத் தட்டுகளில் பச்சைக் காய். எல்லாவற்றுக்கும் மேலே ஒரு பரண். உலர்ந்த மூட்டைகள் மலையிறங்கும்வரை அங்கே இருக்கும். இருட்டு, கதகதப்பு, ஒரு சொட்டு ஈரம் கிடையாது.

"பட்டணத்துல இத சில்லுனு இருக்கிற ரூம்புல வச்சிருந்ததா ஞாபகம்," என்று அவர் இழுத்தார்.

"பட்டணத்துல சாரல் ஏதுண்ணே? இங்க வச்சா மாசிக்குள்ள பூசணம் தின்னுரும். நம்ம காய் பச்சை மாறாம இருக்கிற எடம். படமா மாறிடப்போகுது?"

நான் படித்தவன், நோட்டுப் புத்தகம் வைத்திருப்பவன். அவர் டப்பாவைக் கொடுத்துவிட்டார். நானே ஏணி ஏறி, மூட்டைகளுக்கு நடுவில், சாக்கு விரித்து வைத்தேன். அந்தப் பருவம் விளைச்சல் அமோகம். அடுப்பு அணையவே இல்லை.

மாசியில் ஒரு காலை. முதல் நாளே டப்பாவை இறக்கிக் கட்டி வைத்திருந்தேன். மதினி நல்ல சேலை கட்டி, பூ வைத்து, குரங்கணியிலிருந்து லோடு ஜீப்பில் முன்சீட்டில் வந்து இறங்கினாள். அவர் சவரம் செய்து, சட்டைக்குப் பொத்தான் முழுக்கப் போட்டிருந்தார்.

"என்னமோ பொண்ணு பாக்கக் கூட்டியாந்த மாதிரில்ல இருக்கு," என்றாள். சத்தம் போட்டுச் சொன்னாலும் தியேட்டருக்குள் நுழையும்போது செருப்பை வெளியே விட்டுவிட்டுத்தான் நுழைந்தாள். நடு வரிசையில் போய் உட்கார்ந்து, மூடியிருந்த திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

மெஷின்காரர் டப்பாவை மூக்கருகே கொண்டுபோனவர் அப்படியே நின்றார்.

"இத மெஷின் ரூம்புக்குள்ள கொண்டாராதீங்க. எங்க வச்சிருந்தீங்க?"

நான் சொன்னேன்.

"ஸ்டோர்லயா? அடுப்புக்கு மேலயா? யோவ் மாப்ளே, பழைய பிலிம்முய்யா. சூடு கண்டா பஞ்சு மாதிரி பத்திக்கிரும். தோட்டமே எரியாம இருந்துச்சேன்னு கும்புடு."

வாசல் வெளிச்சத்தில் வைத்து மூடியை நெம்பினோம். ஏலக்காய் வாசனை முதலில் வந்தது. அதற்கு அடியிலிருந்து மூக்கை அரிக்கும் புளித்த நாற்றம். சுருள் என்று ஒன்று இல்லை. தேன் நிறத்தில் பிசின் கசிந்து, இறுகி, விளிம்பெல்லாம் துருப்பொடியாக உதிர்ந்த ஒரு கட்டி இருந்தது. அவர் அதைத் தொடவில்லை. நான்தான் விரலால் உரித்து உரித்துப் பார்த்தேன். ஓர் அடுக்குகூடப் பிரியவில்லை. கட்டியை உடைத்தபோது நடுவிலிருந்து மட்டும் ஒரு சாண் நீளத்துக்கு நல்ல படம் வந்தது.

மதினி எழுந்து வாசலுக்கு வந்துவிட்டாள். மெஷின்காரர் அந்தத் துண்டை வெயிலுக்கு நேராகப் பிடித்துக் காட்டினார். சின்னச் சின்னக் கட்டங்களில் ஒரு கூடாரம், ஒரு தூண், தலைப்பாகை கட்டிய ஓர் ஆளின் முதுகு. ஒவ்வொரு கட்டத்திலும் அதே முதுகு. அகலமான, நிமிர்ந்த முதுகு.

மதினி வெகுநேரம் பார்த்தாள். கண்ணைச் சுருக்கி, தலையைச் சாய்த்து, மறுபடியும். பிறகு, நான் அதுவரை அவளிடம் கேட்டிராத ஒரு குரலில் சொன்னாள்.

"அட, ஆமாய்யா. ஒன் முதுகுதான்."

நான் மூச்சுவிட்டேன். மெஷின்காரர்கூட, "தளவாய் முதுகே சும்மா கோட்டைச் செவரு மாதிரில்ல இருக்கு," என்றார். எல்லாம் சரியாகிவிட்டது. ஒரு தலையசைப்பு போதும். அவர் குனிந்து துண்டைப் பார்த்தார்.

"இது நான் இல்ல," என்றார்.

"என்னண்ணே?"

"இது கதாநாயகனா நடிச்சவன். இவன் பாக்குறான்ல எதுக்க, அங்க நிக்கிறவன்தான் நான். இதுக்கு அடுத்தது என் மொகம்." கட்டியைக் காட்டினார். "அதுக்குள்ள இருக்கு."

"இல்லய்யா, ஒன் முதுகு எனக்குத் தெரியாதா? எண்ணெ தேச்சு விடுறவ நானு," என்றாள் மதினி.

"அவனுக்கு முதுகு அகலம். எனக்கு அப்ப இவ்வளவு கெடையாது."

"இருவது வருசமா நம்ப மாட்டேங்கிறா நம்ப மாட்டேங்கிறான்னு ஊரெல்லாம் என்னக் கரிச்சுக் கொட்டுன. இன்னைக்கு நம்புறேங்கிறேன். இல்லங்கிற!"

"நம்பு. ஆனா இது நான் இல்ல."

"அப்ப எதைய நம்பச் சொல்ற? இந்தக் கருப்பட்டிக் கட்டியவா?"

மதினி செருப்பை மாட்டிக்கொண்டு விறுவிறுவென்று பஸ்சு நிற்கும் பக்கம் நடந்தாள். அவர் ஒரு கணம் என்னைப் பார்த்தார். திட்டுவார் என்று நினைத்தேன். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். "வெரசாப் போறா, வண்டியத் தவற விட்டுருவேன்," என்று சொல்லிவிட்டு வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு அவள் பின்னால் ஓடினார். கட்டியும் சாண் துண்டும் என் கையில் இருந்தன.

எனக்கு வந்த ஆத்திரத்தை எப்படிச் சொல்ல? முதலில் என்மேல். ஏணி ஏறிய என் கால்மேல். ஆனால் பத்து நிமிஷத்தில் அது அவர் மேல் திரும்பிவிட்டது. ஆமாம் என்று ஒரு வார்த்தை! எவன் வந்து கேட்கப்போகிறான்? அந்தக் கதாநாயகன் எங்கே எப்போது செத்தானோ, அவன் முதுகை எடுத்துக்கொண்டால் யாருக்கு என்ன நஷ்டம்? ஒரு வார்த்தையில் முடிந்திருக்கவேண்டிய இருபது வருஷத்தை அவர் மறுபடியும் முதலிலிருந்து ஆரம்பித்து வைத்துவிட்டார்.

அடுத்த முறை மேலே போனபோது கேட்டே விட்டேன்.

"அடுத்தவன் முதுக வாங்கிப் போட்டுக்கிட்டா என் மொகத்த எங்கப்பா கொண்டு வைக்கிறது?" என்றார். அன்றிலிருந்து குதிரைகளைப் பற்றிக்கூட என்னிடம் பேசவில்லை.

எனக்குள் ஒரு வாதம் புழுங்கிக்கொண்டே இருந்தது. தியேட்டர் வாசலில் வந்திருக்கவேண்டிய வாதம்; வழக்கம்போல் பிந்தி வந்தது. மதினியைத் தனியாகப் பார்க்க நேர்ந்தபோது சொன்னேன். ஓடைக்கரையில் பறித்த காயைக் கூடையில் அமுக்கிக்கொண்டிருந்தாள்.

"மதினி, அவரு பொய் சொல்ற ஆளா இருந்தா அன்னைக்குச் சொல்லிருப்பாருல்ல? ஆமா நாந்தான்னு சொல்லிருக்கலாம்ல? சொல்லலையே. அப்ப அவரு நடிச்சது நெசந்தானே?"

அவள் என்னை நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

"அது எனக்குத் தெரியாதா அப்பு? கட்டி வந்த நாளையில இருந்து தெரியும். இந்தாளுக்கு ஒரு பொய் சேந்தாப்புல சொல்லத் தெரியுமா?"

"அப்ப எதுக்கு இத்தனை ஏச்சு?"

"ஏசலேன்னா அந்தப் பேச்சையே எடுக்க மாட்டானே." காயை இன்னும் கொஞ்சம் அமுக்கினாள். "நம்புறது வேற அப்பு. நான் பாக்கணும்னுல வந்தேன்."

அவளே தொடர்ந்தாள்.

"வீட்டுக்குப் போயிக் கேட்டேன். மொகந்தானய்யா, ஒங்கிட்டதான இருக்கு, இப்பக் காட்டுன்னேன். மொதல்ல மாட்டேன்னான். அப்பறம் செவத்தோரமா நின்னு காட்டுனான்."

"என்ன தெரிஞ்சுச்சு?"

"என்னத்தத் தெரிய? யாரோ செத்த வீட்டுல ஆம்பள நிப்பானே, அழுகாம, அந்த மாதிரி நின்னான். நரைச்ச மனுசன். போதும் போதும், கஞ்சி குடின்னுட்டேன். சிரிச்சுட்டுப் போயிட்டான். சோலி கெடக்கு, கூடையத் தூக்கிவிடு."

தூக்கிவிட்டேன். அவள் ஓடையைத் தாண்டி ஏறிப் போனாள்.

அதை நான் அவரிடம் போய்ச் சொல்லியிருக்கவேண்டும். அவள் சரியாகப் பார்த்துவிட்டாள் அண்ணே, யாரும் பக்கத்தில் நின்று சொல்லிக் கொடுக்காமலே பார்த்துவிட்டாள் என்று. கால் மணி நேர ஏற்றம்தான். அவர் அன்று மேல் வரிசையில் நிற்பது எனக்குத் தெரியும். ஜீப்பு போய்விடும் என்று நினைத்துக் கீழே இறங்கினேன். அடுத்த வாரம் சொல்லிக்கொள்ளலாம் என்றிருந்தேன். அடுத்த வாரம் முதலாளி என்னைக் கடைக்குள்ளேயே உட்காரவைத்துவிட்டார், மலைக்கு வேறு ஆளை அனுப்பினார். இரண்டு பருவம் கழித்து அவரும் மதினியும் தோட்டத்தை விட்டுப் போய்விட்டதாகக் கேள்விப்பட்டேன். மலைக்கு அந்தப் பக்கம், மலையாளத்தார் தோட்டம் ஒன்றுக்கு என்றார்கள். எந்தத் தோட்டம் என்று விசாரித்தேன், ஆளுக்கு ஒரு பக்கம் கை காட்டினார்கள்.